கோல்கீப்பர் இன்னாசியின் பன்னிரண்டாவது படம்

தேங்காயைக் கையில் கொடுத்தால் இன்னாசி அண்ணை வாங்கமாட்டார், எறியவேண்டும். சந்திக் கடைக்காரர் உள்ளிருந்து ஓங்கி எறிவார். தெருவின் மறுகரையில் நிற்கும் அண்ணை, பக்கத்தில் நிற்பவரோடு கதைத்த கதையை நிறுத்தாமல், இடக்கையை மட்டும் நீட்டிப் பிடிப்பார். பிடித்ததைத் திரும்பிப் பார்ப்பதும் இல்லை. பிடித்த பிடியிலேயே அவருக்கு எடை தெரிந்துவிடும். "உது உள்ளுக்கை வத்திப்போச்சு. மற்றதை எறியும்" என்பார். அடுத்த கணம் முதல் தேங்காய் வந்த வழியே திரும்பிப் பறக்கும். கடைக்காரர் மேசைக்குப் பின்னால் குனிந்துகொள்வார்.

பாணும் அப்படித்தான், சவர்க்காரமும் அப்படித்தான். யேசு பிறந்த நத்தார்ப் பூசை முடிந்து எல்லோருக்கும் கலண்டர் கொடுத்தபோது, சுவாமியார் ஒன்றைச் சுருட்டி இவரிடமும் நீட்டினார். அண்ணை இரண்டடி பின்னால் போய் நின்றார். புதிதாக வந்த சுவாமி. விளங்கக் கொஞ்சம் நேரம் எடுத்தது. பிறகு சிரித்துக்கொண்டு எறிந்தார்.

எந்த வாசலுக்குள் நுழைந்தாலும் இரண்டு பக்க நிலைகளையும் விரலால் தொட்டுவிட்டுத்தான் உள்ளே போவார். செத்த வீடோ கலியாண வீடோ வித்தியாசமில்லை. கேட்டால், "எவ்வளவு அகலத்தைக் காக்கவேணும் எண்டு தெரியவேண்டாமோ?" என்பார். அந்த விரல்களைப் பார்க்கவேண்டும். பத்தில் ஆறு நேராக இல்லை. மோதிர விரல் நடுமூட்டில் வளைந்து, பக்கத்து விரலின்மேல் ஏறிக் கிடக்கிறது. கலியாண மோதிரம் அதில் ஏறாதபடியால், உத்தரியக் கயிற்றில் கோர்த்துக் கழுத்தில் போட்டிருக்கிறார்.

காலமையில் அவருடைய தொழில் யாழ்ப்பாணத்துக் குருநகர்க் கரையில் மீன் ஏலம் கூறுவது. சண்டையால் ஆழக்கடலுக்குப் போகத் தடை. கரையோரப் பரவைக்கடலில் பட்டதை மட்டும் கொண்டுவருகிறார்கள். வரும் மீன் குறைவு, வாங்க வருகிற சனம் கூட. அந்த இரைச்சலுக்கு மேலால் ஒரு குரல் போகவேண்டுமென்றால் அது இன்னாசி அண்ணையின் குரல்தான். கட்டையான, கொஞ்சம் கரகரத்த குரல். அவர் கத்துவதில்லை. கோல் வாசலில் நின்று முன்னால் ஓடும் பத்துப் பேருக்கும் வழி சொல்லிப் பழகிய குரல், சனத்துக்குள் தானாக வழி எடுத்துக்கொண்டு போகும். "ஒட்டி! ஒட்டி பாருங்கோ, இன்னும் வாயை மூடேல்லை! அக்கா, கையை எடுங்கோ, மீனுக்குக் கூசும்!" எங்கள் வீடு கரையிலிருந்து இரண்டு ஒழுங்கை தள்ளி. என்ன மீன் பட்டது என்று அறிய நான் கரைக்குப் போகத் தேவையில்லை. வாசல் படலையடியில் நின்றாலே கேட்கும்.

இந்தக் குரலுக்கு உரியவர் பதினொரு படத்தில் நடித்திருக்கிறார். அந்தப் பதினொன்றில் ஒன்றில்கூட இந்தக் குரல் இல்லை.

ஐம்பத்தேழாம் ஆண்டில், பத்தொன்பது வயதில், அவரைக் கொழும்பில் ஒரு கப்பல் கம்பனி உதைபந்தாட்டத்துக்காகக் கூட்டிக்கொண்டு போனது. "ஸ்டோர் கிளார்க் எண்டுதான் புத்தகத்திலை பேர். பன்னிரண்டு வருசமாய் அந்த ஸ்டோரின்ரை கதவு எந்தப் பக்கம் எண்டு எனக்குத் தெரியாது. காலமை பந்து, பின்னேரம் பந்து, மாசம் முடியச் சம்பளம்." ஓர் அரையிறுதி ஆட்டத்தில் எதிர்ப்பக்கத்தானின் பூட்ஸ் மூக்கில் பட்டது. மூக்கு இடப்பக்கம் சாய்ந்து அப்படியே நின்றுவிட்டது. அதைப் பற்றி அவருக்கு ஒரு கவலையும் இல்லை. "மூக்கு நேராய் இருந்த காலம் ஒரு டைரக்டரும் என்னைத் திரும்பிப் பாக்கேல்லை, பிள்ளை."

துறைமுகத்தில் ஒரு சிங்களப் படம் எடுத்தார்களாம். கதாநாயகன் அடிக்க, சண்டியன் பண்டகசாலைக் கூரையிலிருந்து விழவேண்டும். விழவேண்டியவர் அன்று வரவில்லை. ஆட்டம் பார்த்துப் பழகிய யாரோ இவரைக் காட்டிக்கொடுத்தார். "ஆறு தரம் விழுந்தன். ஆறாம் தரமும் முதல் தரம் மாதிரியே விழுந்தன். உந்த மனிசனுக்கு எலும்பு இல்லையோ எண்டு கேட்டவை." முகத்தைக் கிட்டப் பார்த்த பிறகு, விழுவதோடு நிறுத்தாமல் நிற்கவும் நடக்கவும் விட்டார்கள். ஏழு சிங்களப் படம், நான்கு தமிழ்ப் படம். நாலு தரம் சண்டியன், மூன்று தரம் பொலிஸ்காரன், இரண்டு தரம் தோணிக்காரன், ஒரு தரம் குடிகாரன், ஒரு தரம் பிணம்.

சிங்களப் படத்துக்குச் சிங்களக் குரல் வேண்டும். அதில் குறை சொல்ல ஒன்றும் இல்லை. தமிழ்ப் படத்திலும் அவர் வாயசைக்க, வானொலியில் நாடகம் நடிக்கும் ஒருவர் பின்னாலிருந்து, "யாரங்கே! என் கண்முன் நில்லாதே!" என்று தொண்டையை உருட்டினார். "உம்முடைய உடம்பு தங்கம், வாய்தான் குருநகர்" என்று ஒரு டைரக்டர் சொன்னாராம். இன்னாசி அண்ணை அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொண்டவர். இன்றைக்கும் அப்படித்தான் சொல்லிக் காட்டுவார். பிணமாக நடித்த படத்தில் சாகுமுன் ஒரு முனகல் வரும். அந்த முனகலும் இன்னொருவருடையது.

எண்பத்து மூன்றுக் கலவரத்தில், கொழும்பில் கொட்டாஞ்சேனை வீட்டை விட்டு, கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து இறங்கியவர்களில் அவரும் மனைவி லூர்த்தம்மா அக்காவும் இருந்தார்கள். மகள்மார் இருவரும் கட்டிப் போய்விட்டார்கள். அண்ணை கரைக்கு வந்து, தகப்பன் செய்த தொழிலைப் பிடித்துக்கொண்டு, ஒரு வள்ளமும் வாங்கினார். தடை வந்த பிறகு வள்ளம் வளவுக்குள் ஏறிவிட்டது. பனங்குற்றிகளின்மேல் முன் அணியத்தைத் தெருப்பக்கம் காட்டிக்கொண்டு நிற்கிறது. கிழமைக்கு ஒரு தரம் கழுவி, வெடிப்பைப் பார்த்து, நிழல் மாறினால் கிடுகை மாற்றிக் கட்டுவார். எங்கள் வளவுக்கும் அவர்கள் வளவுக்கும் நடுவில் தகர வேலி. நான் தைக்கும் மெசின் தகரத்தோரம் இருக்கிறது. ஆணி கழன்ற துளையொன்றும் எனக்கு நேராக இருக்கிறது.

தொண்ணூற்று மூன்றில், பங்குனியோ சித்திரையோ, தென்மராட்சிப் பக்கத்திலிருந்து ஒருவர் அந்த வள்ளத்தைப் பலகைக்கு விலை கேட்டு வந்தார். விறகும் இல்லை, மரமும் இல்லை என்ற காலம். அண்ணை அவரை இருத்தித் தேத்தண்ணி கொடுத்தார். பிறகு சொன்னார்: "உது விக்கிற வள்ளமில்லைத் தம்பி. உமக்குப் பலகை வேணும், எனக்குக் கடல் வேணும். தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் போட்டு வாரும்." வந்தவர் கோபிக்கவே இல்லை. இன்னொரு கிளாஸ் தேத்தண்ணியும் வாங்கிக் குடித்துவிட்டுப் போனார்.

கதை கரையெல்லாம் பரவி மானிப்பாய் வரைக்கும் போயிருக்கிறது. அங்கே ஒரு டியூட்டரியில் படிப்பிக்கும் சண்முகநாதனுக்கு, வீடியோவில் அரைமணி நேரப் படம் ஒன்று எடுக்கவேண்டும் என்று கனநாள் ஆசை. ஆனியில் ஒருநாள் சைக்கிளை வேலியில் சாத்திவிட்டு உள்ளே வந்தார். மெலிந்த மனிதர், சட்டைப் பையில் எப்போதும் சோக்கட்டி.

"அண்ணை, உங்கடை வள்ளக் கதையைத்தான் எழுதியிருக்கிறன். நீங்கள்தான் நடிக்கவேணும்."

"பன்னிரண்டாவது," என்றார் அண்ணை, யோசிக்காமல். "எழுதும். எங்கை விழவேணும்?"

"விழத் தேவையில்லை அண்ணை. கதைக்கவேணும். சத்தமும் அங்கையே எடுக்கிறம். உங்கடை சொந்தக் குரல்."

உள்ளே அரிசி கொழித்துக்கொண்டிருந்த லூர்த்தம்மா அக்காவின் சுளகு நின்றது.

அண்ணைக்கு எழுத்து வாசிக்கக் கண்ணாடி வேண்டும். கண்ணாடி கொட்டாஞ்சேனையிலேயே போய்விட்டது. அதனால் தகரத்துக்கு இந்தப் பக்கமிருந்து நான் வாசிக்க, அந்தப் பக்கமிருந்து கேட்டுப் பாடமாக்கினார். கொப்பியில் இருந்தது முழுக்க அவர் சொன்னதேதான். சண்முகநாதன் ஒரு சொல்லும் மாற்றவில்லை. "நல்லாய் எழுதியிருக்கிறான் பொடியன்," என்று மெச்சினார். "ஆனா கொஞ்சம் உசத்தவேணும்."

என்னத்தை உசத்தப்போகிறார் என்று படமெடுக்க வந்த முதல்நாள் காலையில்தான் தெரிந்தது.

கமெரா அளவெட்டிக் கனகரத்தினத்தினுடையது. கலியாண வீடும் கோயில் திருவிழாவும் எடுக்கிறவர். நாதசுரக்காரரின் கன்னம் உப்புவதை அவர் எடுத்தமாதிரி ஒருவரும் எடுத்ததில்லை என்று பேர். பற்றரி இரண்டு வைத்திருந்தார். இரண்டும் சேர்ந்து ஒன்றரை மணி நேரம் ஓடும். முடிந்தால், ஜெனரேற்றர் வைத்திருக்கும் ஒரு வீட்டுக்குக் கொண்டுபோய் ஏற்றிக்கொண்டு வரவேண்டும். அந்த வீட்டுக்காரர் மண்ணெண்ணெய் இல்லையென்று இரண்டு நாளுக்கு மேல் தரமாட்டேன் என்று சொல்லிவிட்டார். வள்ளக் காட்சிக்கு ஆக இரண்டு காலைகள். விலை கேட்டு வருபவனாக நடிக்கவேண்டிய தபாற்கந்தோர்க்காரர் வராததால், சண்முகநாதனே சால்வையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றார்.

"சிரியுங்கோ," என்றார் கனகரத்தினம்.

"ஏன் சிரிக்கிறது?" என்று சண்முகநாதன் கேட்டார்.

"மன்னிச்சுக்கொள்ளுங்கோ. கை பட்டனிலை வைச்சா வாய் அப்பிடித்தான் சொல்லுது."

சண்முகநாதன் நாலு முழம் தள்ளி நின்று, "வள்ளம் விக்கிறீங்களே?" என்று கேட்டார். இன்னாசி அண்ணை நெஞ்சை நிமிர்த்தினார். ஒரு கையை அணியத்தில் வைத்தார், மறுகையை வானத்தை நோக்கி உயர்த்தினார். "இந்தப் படகு என் உயிர் ஐயா! உயிரை யாராவது விற்பார்களா?"

வேலியில் நின்ற சனம் கை தட்டியது. சண்முகநாதன் தலையில் கை வைத்தார்.

"அண்ணை, எழுதினதைச் சொல்லுங்கோ."

"எழுதினதைத்தான் தம்பி உசத்திச் சொன்னனான்."

"உசத்தவேண்டாம். காலமை கரையிலை மீன் கூறுவியள், அந்தமாதிரிக் கதையுங்கோ."

"அது மீன். இது படம்."

இரண்டாந்தரம் சொற்கள் சரியாக வந்தன. ஆனால் ஒவ்வொரு சொல்லையும் ஒரு சிம்மாசனத்தில் இருத்திவிட்டுத்தான் அடுத்ததைக் கூட்டிக்கொண்டு வந்தார். "உது... விக்கிற... வள்ளம்... இல்லை... தம்பி!" கனகரத்தினம் சிரித்ததில் கமெரா ஆடிப்போயிற்று. ஐந்து தரம் எடுத்தார்கள். ஐந்திலும், தேத்தண்ணி கொடுத்து ஆளை அனுப்பிய அந்த மனிதர் வரவேயில்லை. வானொலிக்காரர்தான் வந்தார்.

"எனக்குத் தெரியும் தம்பி," என்று அண்ணை அமைதியாகச் சொன்னார். "பதினொரு டைரக்டர்மார் என்ரை கதை படத்துக்குச் சரிவராது எண்டு சொன்னவை. பதினொரு பேரும் பிழையோ?"

பற்றரி ஒன்று முடிந்தது. வெயில் ஏறிவிட்டது. சண்முகநாதன் சால்வையால் முகத்தைத் துடைத்தார். அவர் கெட்டவர் அல்ல, களைத்துப்போய்விட்டார். "சரி அண்ணை. நாளைக்கும் ஒருக்காப் பாப்பம். வராட்டி நீங்கள் வாயை மட்டும் அசையுங்கோ. குரலுக்கு வேறை ஒருத்தரைப் பிடிப்பம்."

"ஓம் ஓம்," என்றார் அண்ணை. "அது எனக்குப் பழக்கம். குரலை ஆரும் குடுக்கலாம். விழ ஆரால் ஏலும்?"

சொன்ன குரலில் ஒரு தளர்வும் இல்லை. ஆனால் அன்று மத்தியானம் நான் நூல் வாங்கச் சந்திக்குப் போயிருந்தேன். அண்ணை வந்தார். கடைக்காரர் பாணை எடுத்து ஓங்கினார். அண்ணை தெருவைக் கடந்து மேசையடிக்கு வந்து, கையை நீட்டி வாங்கிக்கொண்டு போனார். கடைக்காரர் ஓங்கிய கையை இறக்காமலே, "என்ன, மனிசனுக்குக் காய்ச்சலோ?" என்று என்னைக் கேட்டார்.

பொழுதுபட முன்னர் தகரத்துக்கு அந்தப் பக்கம் கதை தொடங்கியது.

"இஞ்சேருங்கோ, அந்த வாத்தி வேறை ஆளின்ரை குரலைப் போடப்போகுதாமே?"

"போட்டா என்ன? பதினொரு தரமும் போட்டவைதானே."

"பதினொரு தரமும் நான் ஆரோடை போயிருந்து படம் பாத்தனான்? உங்களோடை. திரையிலை முகம் உங்கடை. வாயைத் திறந்தா ஆரோ ஒருத்தன். கட்டின மனிசன்ரை வாய்க்குள்ளை வேறை ஆம்பிளை இருந்து கதைச்சா எப்பிடியப்பா பாக்கிறது? நான் ஒவ்வொரு முறையும் காதைப் பொத்திக்கொண்டுதான் இருந்தனான். உங்களுக்குத் தெரியாது."

அண்ணை கதிரையை இழுத்துக்கொண்டு கிட்டப் போகும் சத்தம் கேட்டது.

"ஏனப்பா சொல்லேல்லை?"

"சந்தோசமாய் இருந்தியள். என்னெண்டு சொல்லுறது?"

"படத்துக்குக் குருநகர்க் கதை எடுபடாது லூர்த்து."

"ஏன், குருநகரிலை ஆக்கள் வாய் திறக்கிறேல்லையோ?" அக்காவின் குரல் உயர்ந்தது. "அண்டைக்கு வந்த மனிசன் இரண்டு கிளாஸ் தேத்தண்ணி குடிச்சிட்டுப் போச்சுது. சினிமாக் கதை கதைச்சிருந்தா முதல் கிளாசையும் வைச்சிட்டு ஓடியிருக்கும்."

மறுநாள் காலமை படலையில் லூர்த்தம்மா அக்கா முற்றம் கூட்டுகிற தும்புத்தடியோடு நின்றார். சண்முகநாதன் சைக்கிளால் இறங்கமுதலே சொன்னார்: "தம்பி, அந்தாளின்ரை குரல் இல்லாட்டி வளவும் இல்லை, வள்ளமும் இல்லை. எடுத்த துண்டையும் கிழிச்சுப்போட்டுப் போங்கோ."

"அக்கா, இது கசெற். கிழிக்கேலாது."

"அப்ப உடையுங்கோ."

அக்காவுக்குப் பின்னால் இன்னாசி அண்ணை வந்து நின்றார். சரத்தை முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டியிருந்தார். கையில் இரும்பு அலவாங்கு. அதைச் சண்முகநாதனை நோக்கி நிலத்தோடு உருட்டிவிட்டார்.

"தம்பி, நான் இராமுழுக்க யோசிச்சன். பிழை உம்மிலை. நேற்று நீர் நாலு முழம் தள்ளி நிண்டு வள்ளம் விக்கிறீங்களே எண்டு கேட்டீர். நான் என்னத்தைப் பிடிக்கிறது? அடிக்காத பந்தைப் பிடிக்கச் சொன்னா நானும் ஆகாசத்தைப் பாத்துக் கையைத்தான் ஆட்டுவன். இண்டைக்கு உதாலை வள்ளத்திலை ஒரு பலகையைக் கழட்டும்."

"கழட்டினாப் பேந்து, அண்ணை?"

"கழட்ட விட்டாத்தானே."

சண்முகநாதன் அலவாங்கைத் தூக்கிப் பார்த்தார். நல்ல பாரம். வள்ளத்தைப் பார்த்தார். அண்ணையைப் பார்த்தார். "பகிடி இல்லையே?"

"எனக்கும் பகிடி இல்லை. என்ரை வள்ளம்."

அண்ணை வள்ளத்துக்கு முன்னால் போய் நின்றார். முழங்கால் இரண்டும் சற்று மடிந்தன, குதிகள் நிலத்தை விட்டன, வளைந்த விரல்கள் விரிந்தன. ஐம்பத்தைந்து வயது மனிதர் நின்ற இடத்தில் வேறொருவர் நின்றார். மைக்குக்குக் காலுறை மாட்டி ஒரு தடியில் கட்டியிருந்தார்கள். சோளகக் காற்று வீசிக்கொண்டிருந்தது. கனகரத்தினம் பட்டனில் கையை வைத்து, "சிரி..." என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார்.

சண்முகநாதன் இடப்பக்கத்தால் போனார். அண்ணை அங்கே நின்றார். வலப்பக்கத்தால் போனார், அங்கேயும் நின்றார். அப்போதுதான் அந்தக் குரல் வரத் தொடங்கியது. "அங்காலை போகாதையும். கையை எடும். எடும் எண்டுறன். உது விக்கிற வள்ளமில்லைத் தம்பி. உமக்குப் பலகை வேணுமெண்டா வேறை இடத்திலை பாரும், எனக்குக் கடல் வேணும்." எழுதிய சொல்லும் எழுதாத சொல்லும் கலந்து, மூச்சு வாங்கி வாங்கி வந்தது. சண்முகநாதனுக்கும் விசர் பிடித்துவிட்டது. பின்பக்கமாக ஓடி, கடையாலில் பலகைக்கும் பலகைக்கும் இடையில் அலவாங்கின் நுனியைக் கொடுத்துவிட்டார்.

அண்ணை பாய்ந்தார். அணியத்திலிருந்து கடையால் வரைக்கும், உடம்பு முழுவதும் நிலத்துக்கு மேலே, ஒரு கை முன்னால். மண்ணில் விழுந்து, விழுந்த வேகத்திலேயே சண்முகநாதனின் மணிக்கட்டைப் பிடித்தார். அலவாங்கு கழன்று விழுந்தது.

பிடித்த கையை விடாமல், நிலத்தில் கிடந்தபடியே, மெதுவாகக் கேட்டார்.

"நாளைக்குக் கடலைத் திறந்துவிட்டா நான் எதிலை போறது, தம்பி? நீர் சொல்லும்."

இது கொப்பியில் இல்லை. வேலியில் நின்ற சனம் அன்று கை தட்டவில்லை. நெடுநேரம் கழித்து, கனகரத்தினம் கண்ணைக் கமெராவிலிருந்து எடுக்காமல், "நிப்பாட்டட்டோ?" என்று கேட்டார். அதற்குள் பற்றரி தானாகவே நின்றிருந்தது.

அவ்வளவோடு முடிந்துவிடவில்லை. பதிந்ததைப் போட்டுப் பார்க்கவும் மின்சாரம் வேண்டும். "காத்துக் கூட அடிச்சது அண்ணை. குரல் விழுந்துதோ காத்து விழுந்துதோ, போட்டுப் பாத்தாத்தான் தெரியும். விழாட்டி..." என்று சண்முகநாதன் இழுத்தார். விழாவிட்டால் என்ன என்பது எல்லோருக்கும் தெரியும். மூன்று கிழமை போனது. சண்முகநாதனின் மணிக்கட்டு வீங்கி, டியூட்டரிப் பலகையில் இடக்கையால் எழுதினாராம். அண்ணை ஒருவரிடமும் ஒன்றும் விசாரிக்கவில்லை. "நான் பிடிச்சிட்டன். இனி ரெஃபரி விசில் அடிக்கட்டும்," என்பார். லூர்த்தம்மா அக்காதான் மானிப்பாய்ப் பக்கமிருந்து யார் வந்தாலும் மறித்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

ஆவணிக் கடைசிச் சனிக்கிழமை, பின்னேரம் மூன்று மணிக்கு, அந்த டியூட்டரிக் கொட்டிலில் படம் காட்டினார்கள். அண்ணை சைக்கிள் மிதிக்க, அக்கா பின்கரியரில் இருந்து போனார். நான் பஸ்ஸில் போனேன். வெளிச்சம் வராமல் சாக்குகளைத் தொங்கவிட்டு, மேசைக்கு மேல் மேசை வைத்து, அதற்கு மேல் ரீவி. வெளியே ஜெனரேற்றர் மண்ணெண்ணெய்ப் புகையோடு இரைந்தது. வாங்குகளில் எண்பது பேர் வரை இருந்தார்கள். அண்ணையும் அக்காவும் மூன்றாவது வாங்கில், நான் ஓரமாக அவர்களுக்குப் பின்னால். சண்முகநாதன் சீலைத்துண்டு சுற்றிய கையைப் பிடித்துக்கொண்டு சுவரோடு நின்றார். குரல் விழுந்ததா என்று கேட்டதற்கு, "பாருங்கோவன்" என்று மட்டும் சொன்னாராம். அவர் முகத்தைப் பார்த்து என்னால் ஒன்றும் கண்டுபிடிக்க முடியவில்லை.

படம் ஓடியது. கடல் வந்தது, கோயில் வந்தது, வெறுங்கரையில் காகங்கள் வந்தன. பிறகு வள்ளம் வந்தது. அதற்கு முன்னால் முழங்காலை மடித்துக்கொண்டு அண்ணை நின்றார். காற்றுத்தான் கேட்டது. ஊ என்று, பெட்டி முழுவதும் காற்று. திரையில் அவர் வாய் அசைந்தது. சொல் ஒன்றும் வரவில்லை. "சத்தத்தைக் கூட்டுங்கோ" என்று யாரோ கத்தினார்கள். லூர்த்தம்மா அக்காவின் இரண்டு கைகளும் மெல்ல எழுந்து காதுப்பக்கம் போயின.

சோளகம் ஒரு கணம் மூச்சு வாங்க நின்றிருக்கவேண்டும்.

"கையை எடும். எடும் எண்டுறன்."

கட்டையான, கரகரத்த குரல். காலமையில் ஒட்டிக்கும் ஓரா மீனுக்கும் விலை கூறும் அதே குரல், கொட்டிலின் கடைசி வாங்கு வரை போயிற்று. அக்காவின் கைகள் பாதி வழியில் நின்றன. வாங்குகளில் இருந்த ஒருவரும் அசையவில்லை. இன்னாசி அண்ணை மட்டும், யார் பின்னாலிருந்து கத்துகிறான் என்று திரும்பிப் பார்த்தார். எனக்குப் பின்னாலும் பார்த்தார். "உது விக்கிற வள்ளமில்லைத் தம்பி" என்று மறுபடி குரல் வந்தது. மற்றப் பக்கம் திரும்பினார். "ஆர் உது?" என்று என்னைக் கேட்டார்.

லூர்த்தம்மா அக்கா கண்ணைத் திரையிலிருந்து எடுக்கவில்லை. ஒரு கையை நீட்டி, அவருடைய தாடையைப் பிடித்து, முன்பக்கம் திருப்பிவிட்டார்.